ஃபுளோரிடாவில் வீட்டுச் சுவரிலும் தோட்டத்திலும் காணும் தவளை உள்ளூர் இனமா, அயல் இனமா என்று எப்படிக் கண்டறிவது?

நிறத்தை மட்டும் வைத்து முடிவு செய்யாதீர்கள் என்பதே என் முதல் வேண்டுகோள். டாம்பாவுக்கு அருகில் குடியேறிய முதல் மழைக்காலத்தில், பின்வாசலில் உட்கார்ந்திருந்த பழுப்புத் தேரை ஒன்றை நச்சுள்ள கரும்புத் தேரை என்று எண்ணிக் கொன்றுவிட்டேன். எடுத்து வைத்திருந்த படத்தைப் பிறகு நிதானமாகப் பார்த்தபோதுதான், அது இந்த மண்ணுக்கே உரிய தெற்கத்தித் தேரை என்பது தெரிந்தது. அந்த வருத்தம் கற்றுக்கொடுத்தவற்றையே இங்கே எழுதுகிறேன்.

தேரைகளில் பார்க்க வேண்டியது, கண்ணுக்குப் பின்னால் இருபுறமும் புடைத்திருக்கும் நச்சுச் சுரப்பி. கரும்புத் தேரையில் அது பெரிதாக, முக்கோண வடிவில் தோள்வரை சரிந்து இறங்கும். தெற்கத்தித் தேரையில் சிறிதாக, நீள்வட்டமாக நின்றுவிடும். மேலும், தெற்கத்தித் தேரையின் தலையில் கண்களுக்கு இடையே ஓடும் இரண்டு மேடுகள் பின்புறம் குமிழ்போல் முடியும். நம் தமிழ்நாட்டுத் தேரையின் தலையில் உள்ள கருவிளிம்பு மேடுகளைப் பார்த்துப் பழகியவர்களுக்கு இது எளிதில் பிடிபடும். 4 அங்குலத்துக்கு மேல் வளர்ந்த தேரை அநேகமாகக் கரும்புத் தேரைதான். ஆனால் அதன் குஞ்சும் ஒரு காலத்தில் சிறியதாகத்தானே இருக்கும், ஆகவே சிறியது என்பதால் உள்ளூர் இனம் என்று சொல்லிவிட முடியாது. கரும்புப் பூச்சிகளை ஒழிக்கக் கொண்டுவரப்பட்டபோது இங்கு நிலைக்காத இந்த இனம், 1955இல் மயாமி விமான நிலையத்தில் ஒரு வணிகரின் சரக்கிலிருந்து தப்பிய ஏறத்தாழ நூறு தேரைகளால் வேரூன்றியது. நாய் இதைக் கவ்விவிட்டால், தண்ணீர் தொண்டைக்குள் போகாதபடி அதன் தலையைக் கீழ்நோக்கிப் பிடித்து வாயைக் கழுவி, ஈறுகளைத் துணியால் துடைத்து, உடனே கால்நடை மருத்துவரிடம் கொண்டுசெல்லுங்கள்.

மரத்தவளைகளில்தான் குழப்பம் அதிகம். கியூபா மரத்தவளை சாம்பல், பழுப்பு, பச்சை என்று நிறம் மாறிக்கொண்டே இருக்கும். உள்ளூர்ப் பச்சை மரத்தவளைக்கு வழவழப்பான தோலும், உதட்டிலிருந்து விலாவரை கோடு கிழித்தாற்போன்ற வெண்பட்டையும் பெரும்பாலும் இருக்கும். கியூபா தவளையின் தோல் சொரசொரப்பானது, விரல் நுனித் தட்டுகள் மிகப் பெரியவை. இளம் கியூபா தவளைகளுக்குச் செந்நிறக் கண்களும், பின்னங்கால் தோலின் வழியே நீலமாகத் தெரியும் எலும்புகளும் உண்டு. இவற்றிலும் ஐயம் தீராவிட்டால், உச்சந்தலையை விரலால் மெல்லத் தேய்த்துப் பாருங்கள். கியூபா தவளையின் தலைத்தோல் மண்டையோட்டோடு ஒட்டிப்போயிருப்பதால் அசையாது. உள்ளூர் மரத்தவளைகளின் தோல் நகர்ந்து கொடுக்கும். நான் மிகவும் நம்பும் சோதனை இதுதான். உள்ளூர் இனங்கள் பெரும்பாலும் இரண்டரை அங்குலத்தைத் தாண்டாதவை என்பதால், அவற்றைவிடப் பெரிதாக வளரும் கியூபா தவளை அவற்றைப் பிடித்துத் தின்றுவிடுகிறது. என் வராந்தா விளக்கடியில் முன்பு கூட்டமாக வந்த, உள்ளூர் இனமான அணில் மரத்தவளைகளை இப்போது அரிதாகவே காண்கிறேன்.

பூந்தொட்டியைத் தூக்கினால் துள்ளும், ஓர் அங்குலம்கூட இல்லாத செம்பழுப்புத் தவளை கிரீன்ஹவுஸ் தவளையாக இருக்கலாம். அதுவும் கியூபாப் பக்கமிருந்து வந்ததே. தலைப்பிரட்டைப் பருவமே இல்லாமல் ஈர மண்ணில் இட்ட முட்டையிலிருந்து நேராகக் குட்டித் தவளையாக வெளிவருவதால், தொட்டி மண்ணோடு ஊர் ஊராகப் பயணம் செய்கிறது.

மரத்தவளைகளை அருகிலிருந்து பார்க்க, ஒன்றரை அங்குல விட்டமுள்ள பிவிசி குழாயை வீட்டோரம் மண்ணில் செங்குத்தாக நட்டுவையுங்கள்; பகலில் அவை அதற்குள் ஒடுங்கிக்கொள்ளும். குழாயின் வாயில் நெகிழிப் பையைக் கவிழ்த்துப் பிடித்து, குழாயை மண்ணிலிருந்து பிடுங்கி, மறுமுனையிலிருந்து குச்சியால் மெல்லத் தள்ளினால் தவளை பைக்குள் வந்துவிடும். கியூபா தவளையின் தோலில் சுரக்கும் பசை கண்ணில் பட்டால் கடுமையாக எரியும். ஆகையால் பையின் மேலிருந்தபடியே தலைத்தோல் சோதனையைச் செய்துகொள்ளலாம். அது கியூபா தவளைதான் என்று உறுதியானால் மீண்டும் வெளியே விடாதீர்கள். அயல் இனங்களை விடுவிப்பது இம்மாநிலத்தில் சட்டவிரோதம். ஐயம் எஞ்சியிருந்தால், தலையையும் விலாவையும் படமெடுத்துக்கொண்டு தவளையைப் பிடித்த இடத்திலேயே விட்டுவிடுங்கள்.