துப்பாக்கி லைசென்ஸும் வரவில்லை, கடையில் கட்டிய முன்பணமும் வரவில்லை

கேள்வி: ஐயா, நான் ராணுவத்தில் ஹவில்தாராக இருந்து ஓய்வு பெற்றவன். ராமநாதபுரம் மாவட்டத்தில் கடலோரக் கிராமம். வங்கிக் காவல் வேலைக்குச் சொந்தத் துப்பாக்கி வேண்டும் என்கிறார்கள். லைசென்ஸுக்கு விண்ணப்பித்து 14 மாதம் ஆகிறது. கலெக்டர் அலுவலகத்தில் "ஸ்டேஷன் ரிப்போர்ட் வரலை" என்கிறார்கள். ஸ்டேஷனில் "எப்பவோ அனுப்பியாச்சு" என்கிறார்கள். இதற்கிடையில் ஒரு கடையில் இரட்டைக்குழல் துப்பாக்கிக்கு 25,000 ரூபாய் முன்பணம் கட்டிவிட்டேன். அதையும் திருப்பித் தர மறுக்கிறார்கள். இரண்டுக்கும் சேர்த்து நுகர்வோர் நீதிமன்றம் போகலாமா?

பதில்: சேர்த்துப் போகாதீர்கள். லைசென்ஸ் கொடுப்பது சட்டம் அரசுக்குக் கொடுத்த கடமை. கட்டணம் கட்டியிருந்தாலும் அது நுகர்வோர் சட்டம் சொல்லும் 'சேவை'க்குள் வராது. முன்பணம் மட்டும்தான் நுகர்வோர் விவகாரம்.

முதலில் லைசென்ஸ். 2016-ஆம் ஆண்டு ஆயுத விதிகளின்படி போலீஸ் அறிக்கை 30 நாளில் போக வேண்டும். அறிக்கை கிடைத்த 60 நாளில் உரிமம் வழங்கும் அதிகாரி முடிவு சொல்ல வேண்டும். பலருக்குத் தெரியாத ஒன்று: அறிக்கை உரிய காலத்தில் வராவிட்டால், அதற்குக் காத்திராமலே அதிகாரி உத்தரவு போடலாம் என்று 1959-ஆம் ஆண்டு ஆயுதச் சட்டத்தின் 13-ஆம் பிரிவு சொல்கிறது. ஆகவே "ரிப்போர்ட் வரலை" என்பதை ஓராண்டுக்கு மேல் பதிலாகச் சொல்லிக்கொண்டிருக்க முடியாது.

நீங்கள் அனுப்பிய லைசென்ஸ் விண்ணப்ப ஒப்புகைச் சீட்டின் நகலைப் பார்த்தேன். தேதி முத்திரை பாதி அழிந்திருக்கிறது. கோப்பு எண் ஓரத்தில் பென்சிலில் இருக்கிறது. அந்த எண்தான் உங்கள் கையில் இருக்கும் பிடி. முதல் வேலையாக அதைத் தெளிவாக எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்து, தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு. பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டினால் போதும். "ஏன் தாமதம்?" என்று கேட்காதீர்கள், அதற்கு வழவழவென்று ஒரு பதில்தான் வரும். என் விண்ணப்பம் எந்தத் தேதியில், எந்த எண்ணிட்ட கடிதத்துடன் போலீசுக்கு அனுப்பப்பட்டது? அறிக்கை எந்தத் தேதியில் வந்தது? கோப்பு இப்போது எந்தப் பிரிவில் இருக்கிறது? இப்படிக் கேளுங்கள். அலுவலகத்துக்கு ஒன்று, போலீசுக்கு ஒன்று எனத் தனித்தனியாகப் போடுங்கள். 30 நாளில் இரண்டு பதிலும் வந்தால் யார் சொல்வது சரி என்று தேதியே காட்டிவிடும். பதில் வராவிட்டால் முதல் மேல்முறையீடு உண்டு. கூடவே திங்கட்கிழமை மக்கள் குறைதீர்க்கும் நாளில் ஒரு மனு கொடுத்து ரசீது வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

அப்புறமும் அசையவில்லையா? அரசியல் சட்டத்தின் 226-ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு போடலாம். "லைசென்ஸ் கொடு" என்று அங்கே உத்தரவு கிடைக்கும் என்று எதிர்பார்க்க வேண்டாம். இத்தனை வாரத்துக்குள் விண்ணப்பத்தைப் பரிசீலித்து முடிவெடு என்ற உத்தரவுதான் பெரும்பாலும் வரும். அதுவே உங்களுக்குப் பெரிய உதவி. மறுத்துவிட்டால்கூட அதிகாரி காரணத்தை எழுத்தில் பதிவு செய்ய வேண்டும், நீங்கள் 30 நாளில் மேல்முறையீடு செய்யலாம். இப்போதோ மேல்முறையீடு செய்ய ஓர் உத்தரவே இல்லை. நாட்டைக் காத்துவிட்டு வந்தவரை இப்படி அலையவிடுவது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

சரி, முன்பணம். லைசென்ஸ் இல்லாதவருக்குத் துப்பாக்கி விற்கக் கூடாது என்பது கடைக்காரருக்குத் தெரியும். பொருளும் தராமல் பணத்தையும் வைத்துக்கொள்வது நியாயமில்லை. ரசீதில் 'முன்பணம் திருப்பித் தரப்படாது' என்று அச்சிட்டிருந்தாலும் விட்டுவிடாதீர்கள். அந்த வரியோடு பேச்சு முடிந்துவிடாது. ஆனால் உங்களுக்காகவே துப்பாக்கியை வரவழைத்ததற்குக் கடையில் கணக்கு இருந்தால், அந்தச் செலவைக் கழிக்கக் கேட்பார்கள். முதலில் பணத்தைக் கேட்டுப் பதிவு வசதியுடன் ஸ்பீட் போஸ்டில் கடிதம் அனுப்புங்கள். 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணிலும் சொல்லுங்கள். மசியாவிட்டால் ராமநாதபுரம் மாவட்ட நுகர்வோர் ஆணையத்திலேயே புகார் கொடுக்கலாம். கடை வெளியூரில் இருந்தாலும் நீங்கள் வசிக்கும் மாவட்டம் போதும். இந்தத் தொகைக்குக் கட்டணம் கிடையாது. இரண்டு ஆண்டுக்குள் கொடுத்துவிட வேண்டும்.

"அதுவரை இன்னொருவர் லைசென்ஸ் துப்பாக்கியை வைத்து டியூட்டி பாருங்கள்" என்று யாராவது சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள். உங்கள் பெயரில் லைசென்ஸ் இல்லாமல் அதைத் தோளில் மாட்டினால் அது ஆயுதச் சட்டக் குற்றம். நாளைக்கு லைசென்ஸ் கோப்பில் முதலில் பார்ப்பதும் அந்த வழக்கைத்தான்.