இஸ்ரேல்–பாலஸ்தீனம்: எல்லைக் கோடுகள் பற்றிக் கேளுங்கள்

எல்லைத் தகராறுகளைப் பல காலம் வகுப்பில் நடத்தியவன். ஒப்பந்தம், தீர்மானம், வரைபடம் இவற்றைப் பற்றிக் கேட்டால் தெரிந்ததைச் சொல்கிறேன். அடுத்த வாரம் போர் வருமா, எந்த ஏவுகணை எவ்வளவு தூரம் பாயும் என்பதற்கெல்லாம் வேறு ஆளைப் பாருங்கள். ஒரே ஒரு நிபந்தனை: வரைபடம் போட்டு வாதாடுகிறவர்கள் அது எந்தத் தேதி நிலவரம் என்பதையும் எழுதிவிட வேண்டும்.

திருச்சி மாணவி: சார், பச்சைக் கோடு என்பது 1947-ல் ஐநா பிரித்துக் கொடுத்த எல்லைதானே?

இல்லைம்மா. பத்திரிகைகளே இதைக் குழப்பிவிடுகின்றன. 1947 நவம்பர் 29-ல் ஐநா பொதுச்சபை 33-க்கு 13 என்று ஏற்றுக்கொண்ட பிரிவினைத் திட்டம் ஒருநாள்கூடத் தரையில் எல்லையாக இருந்ததில்லை. 1948 போர் ஓய்ந்தபோது யார் படை எங்கே நின்றதோ, ஏறக்குறைய அதை வைத்து 1949-ல் போட்டதுதான் பச்சைக் கோடு. எகிப்து, லெபனான், ஜோர்டான், சிரியா என்று நான்கு தனித்தனி ஒப்பந்தங்கள். மேற்குக் கரைக்காகக் கையெழுத்திட்டது ஜோர்டான், காஸா பக்கம் எகிப்து. பாலஸ்தீனர் கையெழுத்து எதிலுமே கிடையாது. பின்னால் வரப்போகும் எல்லைத் தீர்வை இந்தக் கோடு பாதிக்காது என்று ஜோர்டான் ஒப்பந்தத்திலேயே எழுதியிருக்கிறது. அன்று அப்படி எழுத வேண்டும் என்று நின்றது அரபுத் தரப்பு. இன்று அந்த வரியை அதிகம் எடுத்துக் காட்டுவது இஸ்ரேல் தரப்பு.

ஜெருசலேமில் கோடு போட்ட விதத்தை மட்டும் கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன். 1948 நவம்பர் கடைசியில் இஸ்ரேல் தளபதி மோஷே தயானும் ஜோர்டான் தளபதி அப்துல்லா அல்-தல்லும் 1:20,000 அளவுள்ள ஒரு வரைபடத்தில் மெழுகுப் பென்சிலால் ஆளுக்கொரு கோடு இழுத்தார்கள். தயான் பச்சையில், தல் சிவப்பில். பென்சில் கோட்டின் தடிமன் 3, 4 மில்லிமீட்டர். அந்த அளவில் அது தரையில் 60 முதல் 80 மீட்டர். கோட்டின் தடிமனுக்குள்ளேயே வீடுகளும் தெருக்களும் மாட்டிக்கொண்டன. அந்த வீடு யார் பக்கம் என்ற சண்டை, 1967 போரில் இஸ்ரேல் கிழக்கு ஜெருசலேமையும் மேற்குக் கரையையும் பிடிக்கும் வரை ஓயவில்லை. இரண்டு கோட்டுக்கும் நடுவில் இருந்தது யாருக்கும் சொந்தமில்லாத நிலம்.

கடலோடி: நான்கு படமாக ஒன்று சுற்றுகிறதே, பச்சை நிறம் சுருங்கிக்கொண்டே போகும். அது உண்மையா?

நான்கு கட்டமும் நான்கு வெவ்வேறு சங்கதிகளைக் காட்டுகின்றன. முதல் கட்டம் 1946-ல் யூதர்கள் வைத்திருந்த நிலம். மீதி எல்லாவற்றுக்கும் பச்சை அடித்துவிட்டார்கள், அரசு நிலம் உட்பட. ஆட்சி அப்போது பிரிட்டன் கையில். இரண்டாவது ஐநா திட்டம், காகிதம் மட்டும். மூன்றாவது போர்நிறுத்தக் கோடு. அதில் பச்சையாகத் தெரியும் இடங்கள் அன்று ஜோர்டானிடமும் எகிப்திடமும் இருந்தவை. நான்காவது ஓஸ்லோவுக்கு, அதாவது 1990-களில் இஸ்ரேலும் பாலஸ்தீனத் தலைமையும் செய்துகொண்ட ஒப்பந்தங்களுக்கு, பிந்தைய நிர்வாகப் பிரிவு. பாலஸ்தீனர் கையைவிட்டு நிலம் போனது உண்மை. ஆனால் அதைக் காட்ட நிலப் பட்டாவையும் இறையாண்மையையும் ஒரே நிறத்தில் தீட்டக் கூடாது. இன்னொரு பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன்: 1967-க்குப் பிறகு இஸ்ரேல் அரசு வரைபடங்களில் பச்சைக் கோட்டையே எடுத்துவிட்டார்கள். தேதி பாருங்கள், தேதி பாருங்கள்.

மெய்யடியான்: வேதத்தில் யாருக்கு எழுதியிருக்கிறதோ அவர்களுக்குத்தானே அந்த நிலம்?

என் துறை இல்லை. உங்கள் போதகரிடம் கேளுங்கள்.

திருச்சி மாணவி: ஏ, பி, சி பகுதிகள் என்றால் என்ன சார்?

1995 செப்டம்பரில் போட்ட இரண்டாம் ஓஸ்லோ ஒப்பந்தம் மேற்குக் கரையை மூன்றாக்கியது. ஏ பகுதியில் நிர்வாகமும் காவலும் பாலஸ்தீன ஆணையத்திடம், அதாவது ஓஸ்லோவில் உருவான தன்னாட்சி அமைப்பிடம். பி பகுதியில் நிர்வாகம் அவர்களிடம், பாதுகாப்பின் இறுதிப் பிடி இஸ்ரேலிடம். சி பகுதியில் இரண்டும் இஸ்ரேலிடம். இன்று சி மட்டுமே சுமார் 60 சதவீதம். ஒரு கிராமத்தில் வீடு பி-யிலும் ஒலிவத் தோப்பு சி-யிலும் இருப்பது சகஜம். தோப்பில் ஒரு கொட்டகை போட இஸ்ரேல் ராணுவத்தின் சிவில் நிர்வாகத்திடம் அனுமதி வாங்க வேண்டும், அது பெரும்பாலும் கிடைக்காது. ஐந்தாண்டு இடைக்கால ஏற்பாடாகத்தான் தொடங்கினார்கள். 1999 மே மாதத்தோடு முடிந்திருக்க வேண்டியது. இன்றும் அதுதான் நடப்பில் இருக்கிறது.

நெல்லை வக்கீல்: இதெல்லாம் சரி. 2000-ல் கேம்ப் டேவிட்டில் 90 சதவீதத்துக்கு மேல் கொடுத்தும் அராபத் வேண்டாம் என்று எழுந்து போனாரே, அதைப் பற்றி ஏன் வாயே திறக்கவில்லை?

யாரும் கேட்கவில்லை, அதனால்தான். இப்போது சொல்கிறேன். அது 2000 ஜூலையில் அமெரிக்க அதிபர் கிளின்டன் கூட்டிய பேச்சு; எதிரெதிரே இஸ்ரேல் பிரதமர் பராக், பாலஸ்தீனத் தலைவர் அராபத். 90 சதவீதம் என்கிறீர்கள். எதில் 90?

மேற்குக் கரையின் பரப்பு இஸ்ரேல் கணக்கில் சுமார் 5,540 சதுர கிலோமீட்டர், பாலஸ்தீனர் கணக்கில் சுமார் 5,850. வித்தியாசம் மூன்று இடத்திலிருந்து வருகிறது. 1967-ல் இஸ்ரேல் தன் சட்டத்தின் கீழ் கொண்டுவந்த கிழக்கு ஜெருசலேம் வட்டாரம் சுமார் 70, லத்ரூன் பக்கத்தில் யாருக்கும் சொந்தமில்லாத நிலம் சுமார் 50, சாக்கடலின் நீர்ப்பரப்பில் சேரும் பங்கு சுமார் 195. இந்த மூன்றையும் இஸ்ரேல் தரப்பு கணக்கில் சேர்ப்பதில்லை. அதனால் இஸ்ரேல் கணக்கில் 91 என்பது பாலஸ்தீனர் கணக்கில் 86. மேசையின் இரு பக்கமும் பொய் சொல்லாமலே வேறு வேறு எண்ணைச் சொல்லலாம்.

நெல்லை வக்கீல்: 86 ஆகவே இருக்கட்டும். கிளின்டனே அராபத்தைத்தான் குற்றம் சொன்னார்.

சொன்னார். அதே பேச்சில் கிளின்டன் குழுவில் இருந்த ராபர்ட் மேலி, மூன்று தரப்பிலும் தவறு இருந்தது என்று எழுதினார். அராபத் பதிலுக்கு ஒரு முழுத் திட்டம் வைக்கவில்லை என்பது நியாயமான குறை. பராக் எதையும் எழுத்தில் கொடுக்காமல் அமெரிக்கர் வாய்வழியாகவே பேசினார் என்பதும் நியாயமான குறை. பேச்சு முறிந்தது பரப்பளவால் மட்டும் இல்லை. ஜெருசலேம் புனித வளாகத்தின் இறையாண்மை, அகதிகள் இரண்டும் சேர்ந்துதான்.

ஒலிவக்கிளை: அப்படியென்றால் இஸ்ரேல் ஏமாற்றியது என்று நேராகச் சொல்லுங்களேன். எதற்கு மழுப்புகிறீர்கள்?

மழுப்பவில்லை. கதை ஜூலையில் முடிந்ததாக நீங்கள் இருவருமே நினைக்கிறீர்கள். அந்த டிசம்பர் 23-ல் கிளின்டன் தன் வரையறைகளை வைத்தார்: மேற்குக் கரையில் 94 முதல் 96 சதவீதம், ஈடாக 1 முதல் 3 சதவீத நிலம். இரண்டு தரப்பும் ஏற்றுக்கொண்டோம் என்றன, இரண்டுமே ஆட்சேபணைகளோடு. 2001 ஜனவரியில் எகிப்தின் தாபாவில் பேசினார்கள். பிப்ரவரியில் பராக் தேர்தலில் தோற்றார். வீதியில் இன்டிஃபாதா, அதாவது பாலஸ்தீனர் எழுச்சி, நடந்துகொண்டிருந்தது. இதில் எந்த நாளை மட்டும் கத்தரித்து எடுத்தாலும் உங்களுக்கு வேண்டிய தீர்ப்பு கிடைக்கும்.

நெல்லை வக்கீல்: 2008-ல் இஸ்ரேல் பிரதமர் ஓல்மெர்ட் இன்னும் அதிகம் கொடுத்தார். அதையும் வேண்டாம் என்றார்களே.

கொடுத்தார், ஆனால் காகிதத்தைக் கொடுக்கவில்லை. 2008 செப்டம்பர் 16-ல் பாலஸ்தீனத் தலைவர் அப்பாஸிடம் வரைபடத்தைக் காட்டினார். கையெழுத்துப் போடாமல் பிரதி தர மாட்டேன் என்றார். அப்பாஸ் பார்த்ததை நினைவில் வைத்து ஒரு தாளில் வரைந்துகொண்டார். ஊழல் விசாரணையில் இருந்த ஓல்மெர்ட் சில நாளிலேயே ராஜினாமா கொடுத்தார். அப்பாஸ் பதில் சொல்லவில்லை என்பது உண்மை. போகப்போகிற பிரதமரின் கோட்டுக்கு, பிரதிகூடக் கையில் இல்லாமல், யார் கையெழுத்துப் போடுவார் என்பதும் கேட்க வேண்டிய கேள்வி.

கேம்ப் டேவிட் இதோடு போதும். இன்னும் ஏழெட்டுப் பேர் அதையே எழுதியிருக்கிறீர்கள். மேலே படியுங்கள்.

பழைய வாசகர்: இந்தியா எந்தப் பக்கம்?

1947-ல் பிரிவினைக்கு எதிராக வாக்கு. 1988-ல் பாலஸ்தீன அரசை அங்கீகரித்தது. 1992-ல் இஸ்ரேலுடன் முழுத் தூதரக உறவு. 2012-ல் பாலஸ்தீனத்துக்கு ஐநா பார்வையாளர் நாடு தகுதிக்கு ஆதரவு. 2024 செப்டம்பரில், ஆக்கிரமிப்பை ஓராண்டுக்குள் முடிக்கக் கோரிய தீர்மானத்தில் வாக்களிக்காமல் ஒதுங்கியது. பக்கம் எது என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

கடலோடி: மேற்குக் கரையில் இஸ்ரேல் தன் மக்களுக்காகக் கட்டும் குடியேற்றங்கள் சட்டப்படி செல்லுமா?

செல்லாது என்பதே ஐநா பாதுகாப்பு சபையின் 2334-ஆம் தீர்மானமும், சர்வதேச நீதிமன்றத்தின் 2004, 2024 ஆலோசனைக் கருத்துகளும். ஆக்கிரமித்த நாடு தன் மக்களை அங்கே குடியேற்றக் கூடாது என்ற நான்காம் ஜெனீவா உடன்படிக்கையின் 49-ஆம் பிரிவுதான் அடிப்படை. 1967-க்கு முன் அங்கே அங்கீகரிக்கப்பட்ட இறையாண்மை எதுவும் இல்லை, ஆகவே அந்தப் பிரிவு பொருந்தாது என்பது இஸ்ரேல் வாதம். நீதிபதிகள் அதை ஏற்கவில்லை.

மெய்யடியான்: ஆனால் முதலில் அங்கே இருந்தவர்கள் யார்?

அடுத்தவர்.

ஒலிவக்கிளை: இந்த வட்டாரத்தில் ஒரு எல்லைத் தகராறாவது தீர்ந்திருக்கிறதா?

தாபா. பேச்சு நடந்ததாக மேலே சொன்னேனே, அதே ஊர். 1967-ல் பிடித்த சினாய் தீபகற்பத்தை எகிப்துக்குத் திருப்பிக் கொடுத்த பிறகும் அங்கே சுமார் ஒரு சதுர கிலோமீட்டர் கடற்கரையும் ஒரு ஹோட்டலும் யாருக்கு என்று எகிப்தும் இஸ்ரேலும் மல்லுக்கு நின்றன. 91-ஆம் எல்லைத் தூண் எங்கே இருந்தது என்பதே வழக்கின் மையம். ஐந்து பேர் நடுவர் மன்றம் 1988-ல் எகிப்துக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது. 1989 மார்ச்சில் இஸ்ரேல் ஒப்படைத்தது. பழைய தூண்களும் பழைய வரைபடங்களும் இருந்தன, இரண்டு பக்கமும் அரசுகள் இருந்தன, தீர்ப்புக்குக் கட்டுப்படுவோம் என்று முன்கூட்டியே எழுதிக் கொடுத்திருந்தார்கள். மேற்குக் கரை விஷயத்தில் இந்த மூன்றில் எதுவும் சரியாக இல்லை.

திருச்சி மாணவி: கடைசிக் கேள்வி சார். ஈ-1 என்று செய்தியில் வருகிறதே, ஒரு துண்டு நிலத்துக்கு ஏன் இவ்வளவு சத்தம்?

சுமார் 12 சதுர கிலோமீட்டர்தான். ஆனால் அது கிழக்கு ஜெருசலேமுக்கும் மாலே அதுமிம் குடியேற்றத்துக்கும் நடுவில் இருக்கிறது. அங்கே கட்டினால் வடக்கே ரமல்லா, தெற்கே பெத்லகேம், நடுவே கிழக்கு ஜெருசலேம் மூன்றின் தொடர்பும் அறுந்துபோகும். அதனால்தான் அமெரிக்க அரசுகளே பல ஆண்டு அதைத் தடுத்து வைத்திருந்தன. 2025 ஆகஸ்டில் இஸ்ரேல் அங்கே சுமார் 3,400 வீடுகளுக்கு ஒப்புதல் கொடுத்தது. சதவீதத்தில் பார்த்தால் மேற்குக் கரையில் கால் சதவீதம்கூட வராது.