கீழ்க்காற்றில் நிற்பவரின் சொல்

அன்புள்ள அண்ணன்,

நீங்கள் எழுதிவரும் தொடர்கதையில் நறையர் என்ற மக்கள் நல்லது கெட்டதை மூக்கால் அறிகிறார்கள். வாசிக்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் என் வாப்பா கருவாட்டு வியாபாரி. பள்ளிக்கூடத்தில் என் பக்கத்தில் இருக்க மாட்டோம் என்று சொன்ன பிள்ளைகள் இருந்தார்கள். மணத்தை வைத்து ஒருவரை ஒதுக்குவது இங்கே எவ்வளவு பழைய பழக்கம் என்று உங்களுக்குத் தெரியாதா? அதையே ஒரு அறமாகக் காட்டலாமா? கதையில் மீன்காரச் சிறுமியைக் கண்டு மூக்கைப் பொத்திய பையன்களை ஏன் சும்மா விட்டீர்கள்? இன்னொன்று, நாங்கள் அத்தர் பூசுகிறவர்கள். நறையர் ஊரில் அது பொய்யாகுமா?

ஒரு வாசகி, நிந்தவூர்

அன்புள்ள தங்கச்சி,

உங்கள் முதல் கேள்விதான் என்னை இந்தக் கதையை எழுத வைத்தது. அதனால் அதற்கே கூடுதலாக எழுதுகிறேன்.

மணத்தை வைத்து ஆளை எடைபோடும் ஊர் ஒன்றைக் கற்பனை செய்வது லேசு. நல்லவனுக்கு மல்லிகை, கெட்டவனுக்குச் சாக்கடை என்று வைத்துவிட்டால் முடிந்தது. அப்படி எழுதியிருந்தால் என் கதை உங்கள் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளின் பக்கம்தான் போய் நின்றிருக்கும். நறையர் ஆளை மோந்து பார்ப்பதில்லை. ஒருவர் செய்தது காற்றில் ஏறி யாரிடம் போய்ச் சேர்கிறது என்பதைத்தான் பார்க்கிறார்கள்.

காண்ட் என்ற ஜெர்மன் தத்துவவாதி 1798இல் மோப்பத்தைப் பற்றிச் சில வரிகள் எழுதினார். விரும்பினாலும் விரும்பாவிட்டாலும் பக்கத்திலிருப்பவரும் அதை நுகர்ந்தே ஆக வேண்டும், ஆகவே அது சுதந்திரத்துக்கு எதிரானது என்றார். ஐம்புலன்களில் இல்லாமலே இருந்துவிடக்கூடியது இதுதான் என்பதும் அவர் கருத்து. எனக்கு அதே காரணம் நேர் எதிராகத் தோன்றியது. நான் விடுவதை இன்னொருவர் மூச்சாக இழுத்தே தீர வேண்டும் என்றால், நான் அவருக்குக் கடன்பட்டவன். அறம் தொடங்க இதைவிட நல்ல இடம் வேண்டுமா? நறையர் பிறந்தது இந்த எண்ணத்திலிருந்துதான்.

அவர்களுடைய வாவியை நம்முடைய மட்டக்களப்பு வாவியைப் பார்த்துத்தான் வரைந்தேன். ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீளம், கிழக்கே இந்தப் பக்கம் எழுவான்கரை, மேற்கே அந்தப் பக்கம் படுவான்கரை. தென்மேற்கிலிருந்து கச்சான் காற்று அடிக்கும் மாதங்களில் படுவான்கரையின் வைக்கோல் புகையும் மாட்டுப்பட்டி வாசமும் இக்கரைக்கு வரும். வடகிழக்கிலிருந்து வாடைக்காற்று தொடங்கினால் இக்கரையின் மீன் வாடை அக்கரைக்குப் போகும். அதனால் நறையரின் வழக்கு மன்றம் ஒரே இடத்தில் இருப்பதில்லை. கச்சான் காலத்தில் எழுவான்கரையில் கூடும், வாடைக் காலத்தில் படுவான்கரைக்குப் போய்விடும். கீழ்க்காற்றில், அதாவது காற்று போய்ச் சேரும் பக்கத்தில், இருக்கும் கரைக்குத்தான் கேட்கும் உரிமை. மன்றம் விடியலிலேயே கூடிக் கலைந்துவிடும், வெயில் ஏறினால் கடற்காற்று குறுக்கே வந்து சாட்சியைக் குழப்பிவிடும் என்பதால். காற்று புறப்படும் பக்கமான மேல்காற்றில் இருப்பவர் எவ்வளவு பெரியவராக இருந்தாலும் அந்தப் பருவத்தில் பதில் சொல்ல வேண்டியவர்தான். ஆறு மாதம் போனால் அவருடைய முறை வரும்.

ஏன் கீழ்க்காற்றில் இருப்பவரை இவ்வளவு நம்புகிறார்கள்? மூக்கின் இயல்பே அப்படி. ஒரே மணத்துக்குள் சில நிமிடம் இருந்தாலே நமக்கு அது மங்கத் தொடங்கும், அப்புறம் அங்கே அது இல்லை என்றே தோன்றும். நெல் அவிக்கிற வீட்டுக்காரருக்கு அந்த வாசம் தெரியாது, வாசலில் வந்து நிற்பவருக்குத்தான் தெரியும். தன் மணம் தனக்குத் தெரியாது என்பதுதான் நறையர் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கும் முதல் பாடம். நான் நல்லவன் என்று ஒருவர் தானே சொல்லும் சாட்சியை அவர்கள் பதிவு செய்வதே இல்லை.

இனி உங்கள் வாப்பாவின் விஷயத்துக்கு வருகிறேன். நறையர் சட்டத்தில் ஒரு வரி உண்டு: தின்றவருக்கு முறைப்பாடு இல்லை. கருவாடு ஊரின் சோற்றுக்குத் துணையாக வருகிறது. அதைத் தின்கிற எவரும் மீன் காயவைக்கும் வாடியின் மணத்தைப் பற்றி மன்றத்தில் வாய் திறக்க முடியாது. அரைத்த மாவின் மணம், தோல் பதனிடுகிறவர் கையின் மணம் எல்லாவற்றுக்கும் இதே விதிதான். மீன் குடலைப் புதைக்கச் சோம்பி வாவியில் கொட்டிவிட்டுப் போனால் மட்டும் வழக்கு உண்டு. அது வேலையின் மணம் இல்லை, வேலையை முடிக்காமல் விட்டதன் மணம். இந்த வித்தியாசத்தில் அவர்கள் மிகவும் கறாரானவர்கள், நானும்தான்.

மூக்கைப் பொத்துவதே அவர்களிடம் குற்றம். வள்ளுவர் விருந்தோம்பலில் சொன்னதை நினைத்துப் பாருங்கள்.

மோப்பக் குழையும் அனிச்சம் முகந்திரிந்து
நோக்கக் குழையும் விருந்து.

அனிச்சம் வாடுவதற்காவது மோந்து பார்க்கும் அளவுக்குக் கிட்டப் போக வேண்டும். விருந்தாளி எட்ட நின்று கோணும் ஒரு முகத்திலேயே வாடிவிடுகிறார். உங்களுக்கு அந்த வகுப்பறையில் நடந்தது அதுதான். தவறு முகத்தைத் திருப்பியவர்களுடையது, உங்கள் சட்டையில் இருந்த மணத்தினுடையது இல்லை. நறையர் மன்றத்தில் அந்த வழக்கு ஒரு விடியல்கூட நிற்காது.

அத்தர் பற்றி: பொய் இல்லை. தொல்காப்பியர் மூக்கை மூன்றாம் அறிவாக வைத்து, கறையானுக்கும் எறும்புக்கும் அதைக் கொடுத்தார். எறும்பு தனக்கு இரை கிடைத்த வழியில் மற்ற எறும்புகளுக்காக மணத்தை விட்டுப்போகிறது. பெருநாளுக்குப் பூசும் அத்தரும் அப்படிப் பக்கத்தில் நிற்பவருக்காக வைக்கும் கொடைதான். மன்றத்துக்கு வரும் அன்று மட்டும் நறையர் எதையும் பூச விடமாட்டார்கள்.

அந்தப் பையன்களைச் சும்மா விடவில்லை, தீர்ப்புத்தான் இன்னும் வரவில்லை. ஒரு கச்சான் காலம் முழுவதும் அவர்கள் சிறுமியின் தகப்பனுடைய வாடியில் மீன் கீறி உப்புப் போட வேண்டும். கொஞ்ச நாளில் வாடை அவர்களுக்கே தெரியாமல் போய்விடும். மாலையில் வீட்டுக்குப் போகும் வழியில் யார் முகத்தைத் திருப்புகிறார்கள் என்பது நன்றாகத் தெரியும். கூடுதலாக அடியோ அபராதமோ கேட்பீர்கள் என்று நினைக்கிறேன். கொடுக்க மாட்டேன்.

அந்த அத்தியாயத்தை இப்போதுதான் எழுதுகிறேன். உங்கள் வாப்பாவிடம் ஒன்று கேட்டுச் சொல்ல முடியுமா? பாரைக்கும் கட்டாவுக்கும் எத்தனை நாள் உப்பு வைப்பார்கள், வெயில் இல்லாத நாளில் என்ன செய்வார்கள்? அவர் சொல்கிறபடியே எழுதுகிறேன்.