ஹிஸ்டரெக்டமிக்கும் ஹிஸ்டீரியாவுக்கும் என்ன சம்பந்தம்? – வாசகர் கேள்வி பதில்

கேள்வி: அம்மாவுக்கு கர்ப்பப்பைய எடுக்கணும்னு டாக்டர் சொல்லிட்டாங்க. ஃபைல்ல ஹிஸ்டரெக்டமின்னு எழுதியிருக்கு. அதைப் பார்த்துட்டு சொந்தக்காரங்க ஒருத்தர், இது ஹிஸ்டீரியா வந்தவங்களுக்கு பண்ற ஆபரேஷனாச்சேன்னு சொல்லிட்டுப் போயிட்டார். அன்னையிலிருந்து அம்மா ஆபரேஷனே வேண்டாம்னு அழறாங்க. ரெண்டும் ஒண்ணா? (பெயர் போட வேண்டாம்னு கேட்ட வாசகி)

பதில்: ஒண்ணு இல்லம்மா. இதை முதல்ல அம்மாகிட்ட சொல்லிட்டு வந்து மிச்சத்தைப் படிங்க.

ஹிஸ்டெரான்னா பழைய கிரேக்கத்துல கருப்பை, அவ்வளவுதான். எக்டோமேன்னா வெட்டி வெளிய எடுக்குறது, அதுல எக்னா வெளியே, டோமேன்னா வெட்டு. ரெண்டையும் சேர்த்தா ஹிஸ்டரெக்டமி, அதாவது கருப்பைய வெட்டி எடுக்குறது. எந்த உறுப்பு, என்ன பண்ணப் போறாங்க, இந்த ரெண்டைத்தான் அந்தப் பேர் சொல்லுது, எதுக்காக பண்றாங்கன்னு அதுல ஒரு எழுத்து கூட இல்ல. காரணம் ஃபைல்ல தனியா எழுதியிருக்கும், ஃபைப்ராய்டு கட்டியா இருக்கலாம், நிக்காத ரத்தப்போக்கா இருக்கலாம், கருப்பை கீழ இறங்கியிருக்கலாம், அடினோமயோசிஸ் (கருப்பையோட உள்படலம் அதோட தசைச் சுவருக்குள்ளயே வளர்றது), புற்றுநோய்னு எத்தனையோ இருக்கு. உங்க அம்மாவுக்கு எதுன்னு டாக்டர்கிட்ட நேரா கேளுங்க, கேக்குறது உங்க உரிமை.

அப்புறம் ஏன் ரெண்டு வார்த்தையும் அக்கா தங்கச்சி மாதிரி இருக்கு? ஹிஸ்டீரியாவும் அதே ஹிஸ்டெராவிலிருந்து வந்ததுதான், அங்கதான் பெரிய அநியாயம் ஒண்ணு ஒளிஞ்சிருக்கு. பொம்பளைக்கு மூச்சு முட்டினாலோ தொண்டை அடைச்சாலோ மயக்கம் வந்தாலோ, அவ கருப்பை இருக்குற இடத்தை விட்டு நகர்ந்து உடம்புக்குள்ள மேல ஏறிடுச்சுன்னு பழைய கிரேக்க வைத்தியர்கள் நம்பினாங்க, ஹிப்போக்ரட்டிஸ் பேர்ல இருக்குற வைத்திய நூல்கள்லயே இது இருக்கு. பிளேட்டோ டிமேயஸ்ங்கிற நூல்ல கருப்பைய பிள்ளைக்கு ஏங்குற ஒரு உயிருள்ள ஜந்து மாதிரியே எழுதிட்டார். அதுக்கு வைத்தியம் என்ன தெரியுமா, மூக்குகிட்ட நாத்தம் புடிச்ச பொருளக் காட்டுறது, கீழ வாசனைப் புகை போடுறது, நாத்தத்துக்கு பயந்து வாசனைய தேடி கருப்பை தானா கீழ இறங்கி வந்துடுமாம்! அந்தக் காலத்துலயே எபேசஸ் ஊர் சொரானஸ்னு ஒரு வைத்தியர் (கிபி 2ஆம் நூற்றாண்டு வாக்குல), கருப்பை குகையிலிருந்து கிளம்பி வர்ற மிருகம் எல்லாம் கிடையாதுன்னு அழுத்தமா மறுத்து எழுதியிருக்கார், அவர் மேல எனக்கு தனி மரியாதை. ஆனா அவர் பேச்சு எடுபடல, அந்தப் பழைய நம்பிக்கை நூற்றாண்டு நூற்றாண்டா நின்னுடுச்சு. கோவப்பட்டா ஹிஸ்டீரியா, அழுதா ஹிஸ்டீரியா, தூக்கம் வரலன்னா ஹிஸ்டீரியான்னு பெண்கள் மேல முத்திரை குத்திக்கிட்டே வந்தாங்க. கடைசியா 1980ல வந்த அமெரிக்க மனநல மருத்துவர்கள் சங்கத்தோட கையேட்டுல, டிஎஸ்எம் மூணாம் பதிப்புல, அந்த நோய்ப் பேரையே எடுத்துட்டாங்க.

உங்க சொந்தக்காரர் பயம் வானத்துலேர்ந்து குதிச்சதும் இல்ல. 1872ல அமெரிக்காவுல ராபர்ட் பேட்டின்னு ஒரு சர்ஜன், மாதவிடாய் கோளாறு நரம்புக் கோளாறுன்னு சொல்லி, நல்லா இருந்த சினைப்பைகளையே (முட்டை உருவாகுற ஓவரி) எடுக்குற ஆபரேஷனை ஆரம்பிச்சார், அவர் பேராலயே அது பரவிச்சு, நிறைய பெண்கள் அதுல சிதைஞ்சாங்க, அப்புறம்தான் மத்த டாக்டர்கள் எதிர்த்து அது நின்னுச்சு. எடுத்தது சினைப்பை, கருப்பை இல்ல, ஆனா 'புத்திக்காக பொம்பளை வயித்தை வெட்டுறாங்க'ங்கிற பேச்சு கிளம்புறதுக்கு இது போதாதா. இன்னைக்கு ஹிஸ்டீரியாவுக்காக யாரும் கருப்பைய எடுக்கறது இல்ல. அம்மாகிட்ட இதை பொறுமையா உக்காந்து சொல்லுங்க.

கேள்வி: டோட்டல் ஹிஸ்டரெக்டமின்னா உள்ள இருக்குற எல்லாத்தையும் எடுத்துடுவாங்களா? என் டிஸ்சார்ஜ் பேப்பர்ல டிஏஹெச்னு போட்டு பக்கத்துல பிஎஸ்ஓன்னும் இருக்கு.

பதில்: இதே பேப்பரை நானும் பார்த்திருக்கேன், என் அக்காவோடது. ஆபரேஷன் முடிஞ்சு வீட்டுக்கு வந்து மூணாம் நாள், தலையணைய வயித்தோட அணைச்சுக்கிட்டு (இருமல் வந்தா தையல் வலிக்குதுன்னு) அந்தப் பேப்பரை என்கிட்ட நீட்டி, 'என்கிட்டேர்ந்து என்னென்ன எடுத்தாங்கன்னு படிச்சு சொல்லு'ன்னு கேட்டா. கையெழுத்து போட்டது அவ, ஆனா என்ன எடுத்தாங்கன்னு அவளுக்கே சரியா தெரியல. அன்னைக்கு ஒவ்வொரு வார்த்தையா பிரிச்சு சொன்னேன், அதுதான் இந்தப் பகுதி எழுத எனக்கு ஆரம்பம்னு கூட சொல்லலாம்.

டோட்டல்ங்கிறதுல தான் முக்காவாசி பேர் ஏமாந்துடறாங்க. டோட்டல்னா கருப்பைய அதோட கழுத்தோட, அதாவது செர்விக்ஸோட சேர்த்து முழுசா எடுக்குறது. சினைப்பை அந்த டோட்டல் கணக்குல வராது! சப்டோட்டல்னா கருப்பை போகும், கழுத்து மட்டும் உள்ள இருக்கும், கழுத்து இருக்குறவங்க பாப் டெஸ்ட்டை (கழுத்துல புற்றுநோய் வருதான்னு பார்க்குற டெஸ்ட்) விட்டுடக் கூடாது, டாக்டர் சொல்ற இடைவெளில எடுத்துக்கணும். உங்க டிஏஹெச்ல டி டோட்டல், ஹெச் ஹிஸ்டரெக்டமி, நடுவுல இருக்குற ஏ அப்டாமினல், வயித்துல வெட்டி பண்ணதுன்னு அர்த்தம்.

இப்ப பிஎஸ்ஓ. பைலேட்டரல்னா ரெண்டு பக்கமும். எஸ்ஓன்னா சால்பிங்கோ ஊஃபரெக்டமி. சால்பிங்க்ஸ்னா கிரேக்கத்துல எக்காளம், போர்ல ஊதுவாங்களே அது. கருக்குழாய்க்கு ஏன் எக்காளம்? இத்தாலிக்காரர் ஃபாலோப்பியோ 1561ல அந்தக் குழாயை விவரிச்சு எழுதினப்ப எக்காளத்தோட தான் ஒப்பிட்டார், ஒரு முனை ஒல்லியா கருப்பைல சேரும், இன்னொரு முனை சினைப்பைப் பக்கம் விரிஞ்சு வாய் மாதிரி இருக்கும், படத்துல பார்த்தா உங்களுக்கே சட்டுனு புரியும். அவர் பேர்லதான் ஃபாலோப்பியன் டியூப். அடுத்தது ஊஃபோ, அது ரெண்டு கிரேக்க வார்த்தை சேர்ந்தது, ஓஒன்னா முட்டை, ஃபோரோஸ்னா சுமக்குறது, முட்டைய சுமக்குறது எதுவோ அது, அதாவது சினைப்பை.

ஆக உங்க பேப்பர் சொல்றது, கருப்பை, அதோட கழுத்து, ரெண்டு கருக்குழாய், ரெண்டு சினைப்பை எல்லாத்தையும் எடுத்திருக்காங்க. அந்த பிஎஸ்ஓ மூணு எழுத்து ரொம்ப முக்கியம்ங்க, கருப்பை மட்டும் போனா மாதவிலக்கு நிக்கும் ஆனா சினைப்பை ஹார்மோனை சுரந்துக்கிட்டேதான் இருக்கும், மெனோபாஸுக்கு (வயசானா மாதவிலக்கு தானா நின்னுபோறது) முன்னாடியே ரெண்டு சினைப்பையும் போயிட்டா அது சுரக்குற ஈஸ்ட்ரோஜன்ங்கிற ஹார்மோன் ஒரேயடியா இறங்கிடும், மெனோபாஸ் படிப்படியா வராம அன்னைக்கே வந்துடும், திடீர்னு உடம்பு தீயா எரியுற மாதிரி சூடு, ராத்திரி வியர்வை, தூக்கமின்மை எல்லாம் அதனாலதான். எலும்பும் சீக்கிரம் பலம் குறையும். என் அக்கா ராத்திரி ராத்திரி எழுந்து உக்காந்து தனக்கு ஏதோ பெரிய வியாதின்னு பயந்துக்கிட்டு இருந்தா, யாராவது முன்னாடியே ரெண்டு வரி சொல்லியிருந்தா அந்த பயம் வந்திருக்காது. உங்களுக்கு இதெல்லாம் இருந்தா தாங்கிக்கிட்டு இருக்காதீங்க, டாக்டர்கிட்ட போய் ஹார்மோன் பத்தி பேசுங்க, அது ஒத்துக்குமா ஒத்துக்காதான்னு அவங்கதான் பார்த்து சொல்லணும்.

கேள்வி: ஹிஸ்டரெக்டமி, ஹிஸ்டரோட்டமி, ஹிஸ்டரோஸ்கோபி மூணும் எனக்கு ஒண்ணா கேக்குது, எப்படி பிரிக்கிறது?

பதில்: வால் பக்கம் பாருங்க. எக்டமின்னு முடிஞ்சா உறுப்பு வெளிய வந்துடும். வெறும் டமின்னா வெட்டித் திறக்குறது மட்டும்தான், வேலை முடிஞ்சதும் தைச்சுடுவாங்க, சிசேரியன்ல கருப்பைல போடுற அந்தக் கீறல் ஹிஸ்டரோட்டமிதான். ஸ்கோபி ஸ்கோபெய்ன்ங்கிற வினையிலிருந்து வந்தது, உத்துப் பார்க்குறது, கேமரா குழாய விட்டு உள்ள பார்ப்பாங்க. காதுல விழுறப்ப ஒரு 'எக்' தான் வித்தியாசம், அந்த எக் இருக்கா இல்லையாங்கிறதுல கருப்பை இருக்கும் இல்ல போகும், அதனால கையெழுத்து போடுறதுக்கு முன்னாடி ஃபாரத்துல அந்த வார்த்தைய ஒரு தடவை நல்லா பார்த்துடுங்க.

இந்த வெட்டு, தெம்னெய்ன்ங்கிற வினை, வேற எங்கெல்லாம் போயிருக்கு பாருங்க, அட்டம்னா வெட்ட முடியாதது, அனாட்டமின்னா வெட்டிப் பிரிச்சுப் பார்க்குறது.

கேள்வி: டியூபெக்டமியும் கிரேக்கமா?

பதில்: பாதி. டியூபா லத்தீன், எக்டமி கிரேக்கம், வாசெக்டமியும் அதே மாதிரி ஒட்டுப் போட்டதுதான். இதுல எக்டமின்னு பேர் இருந்தாலும் பல தடவை குழாய்ல சின்னத் துண்டுதான் எடுப்பாங்க, முழுக் குழாயும் போச்சுன்னா சால்பிங்ஜெக்டமின்னு எழுதுவாங்க.

கேள்வி: பேர் கிரேக்கம்னா ஆபரேஷனும் கிரேக்கர்கள் கண்டுபிடிச்சதா?

பதில்: இல்ல, பேருக்குத்தான் பழைய கிரேக்கத்துலேர்ந்து துண்டு எடுத்தாங்க, வேலை ரொம்பப் பின்னாடி. திட்டம் போட்டு கீழ்வழியா, அதாவது பிறப்புறுப்பு வழியா, பண்ண முதல் ஹிஸ்டரெக்டமின்னு சொல்றது 1813ல ஜெர்மனியில லாங்கன்பெக் பண்ணது. மயக்க மருந்தே கிடையாது அப்ப, ஈதர் வச்சு ஆபரேஷன் பண்ணலாம்னு உலகம் பார்த்ததே 1846லதான், அந்த அம்மா எப்படித் தாங்கினாங்களோ, நினைச்சாலே உடம்பு நடுங்குது. அவர் சொன்னதை சக டாக்டர்கள் நம்பலயாம், பல வருஷம் கழிச்சு அந்த அம்மா இறந்து பிரேதப் பரிசோதனை பண்ணப்பதான் உள்ள கருப்பை இல்லன்னு உறுதியாச்சு. வயித்தைக் கிழிச்சுப் பண்ணது 1843ல மான்செஸ்டர்ல சார்ல்ஸ் கிளே, அந்த நோயாளி பிழைக்கல. பிழைச்ச முதல் ஆள் 1853ல அமெரிக்காவுல வால்டர் பர்ன்ஹாம் ஆபரேஷன் பண்ண பெண். லேப்ராஸ்கோப் (வயித்துல சின்னத் துளை போட்டு விடுற கேமரா குழாய்) வச்சு அமெரிக்க டாக்டர் ஹாரி ரைஷ் பண்ணது 1988ல.

கேள்வி: ஹிஸ்டெராவுக்கு நம்ம மொழியோட ஏதாவது சொந்தம் உண்டா?

பதில்: நேரா சொந்தம் இல்ல. ஆனா லத்தீன் யூட்டரஸும் சமஸ்கிருத உதரமும் ஒரே வேர்னு மொழியியல்காரங்க பலர் சொல்றாங்க, ஹிஸ்டெராவையும் சிலர் அதோட சேர்க்குறாங்க. உதரம் தமிழுக்கும் வந்துடுச்சு, உதரவிதானம்னு சொல்றோமே அதுல இருக்கு. சகோதரன்லயும் இருக்கு! சக உதரன், ஒரே வயித்துல பிறந்தவன்.

இதுல எனக்கு ரொம்பப் பிடிச்சது என்னன்னா கிரேக்கர்கள் கிட்டயும் இதே யோசனை அப்படியே இருந்திருக்கு, அண்ணன் தம்பிய அடெல்ஃபோஸ்னு சொல்வாங்க, முன்னாடி இருக்குற அ ஒரேங்கிற அர்த்தம், டெல்ஃபிஸ்னா கருப்பை, ஹிஸ்டெராவுக்கு இது இன்னொரு வார்த்தை. ஸ்கேன் ரிப்போர்ட்ல எப்பவாவது யூட்டரஸ் டைடெல்ஃபிஸ்னு பார்த்தீங்கன்னா பதறாதீங்க, அதுவும் இதேதான், டைன்னா ரெண்டு, பிறவியிலேயே ரெண்டு கருப்பை அமைஞ்சிருக்கு.