பணியாரத்துக்குத் தொட்டுக்கொள்ள சூடான சீஸ் டிப்: வாசகர் கேள்விகள்

கோடை விடுமுறை வந்தால் செட்டிநாட்டில் பூட்டிக் கிடந்த வீடுகள் திறக்கும். சென்னையிலிருந்தும் சிங்கப்பூரிலிருந்தும் பேரன் பேத்திகள் வந்து இறங்குவார்கள். சாயங்காலம் இடைப்பலகாரத்துக்கு சீடை டின்னைத் திறந்து வைத்தால், "தொட்டுக்கொள்ள சீஸ் டிப் இல்லையா?" என்று கேட்கிற பிள்ளைகள் இப்போது எல்லா வீட்டிலும் இருக்கிறார்கள். ஓவனில் வைத்துச் சூடாக எடுக்கும் டிப்பைப் பற்றி வந்த கேள்விகளை இந்த முறை ஒன்றாக எடுத்துக்கொண்டிருக்கிறேன்.

பேத்தி பிறந்தநாளுக்குச் செய்தேன். ஓவனிலிருந்து எடுத்தபோது மேலே எண்ணெய் மிதந்தது, அடியில் திரிதிரியாக இருந்தது. எங்கே தப்பு? (கோட்டையூர்)

சூட்டில்தான். சீஸ் என்பது பால் புரதம் பின்னிய ஒரு வலை. கொழுப்பும் தண்ணீரும் அந்த வலைக்குள் பிடிபட்டிருக்கின்றன. மெதுவாகச் சூடேற்றினால் வலை நெகிழ்ந்து இளகும். சூடு கூடினால் அதே வலை சுருங்கி, உள்ளே இருப்பதைப் பிழிந்து வெளியே தள்ளிவிடும். நீங்கள் பார்த்த எண்ணெயும் திரியும் அதுதான்.

சீஸின் வகையும் ஒரு காரணம். நாள்பட்ட செடார் சீக்கிரம் பிரியும். கடையில் கட்டியாகக் கிடைக்கும் பிராசஸ்டு சீஸ் அவ்வளவு எளிதில் பிரியாது, கொழுப்பையும் புரதத்தையும் சேர்த்துப் பிடிக்கும் உப்புகள் அதில் சேர்த்திருக்கிறார்கள். மொசரெல்லா இழுபடும், ஆனால் சுவை குறைவு. அதனால் நான் 120 கிராம் பிராசஸ்டு சீஸ், 80 கிராம் மொசரெல்லா என்று கலந்துதான் செய்கிறேன்.

அடுத்தது வெள்ளை சாஸ். இதை விட்டுவிட்டு வெறும் சீஸை ஓவனில் தள்ளுகிறவர்களுக்குத்தான் பெரும்பாலும் டிப் பிரிகிறது. 2 டேபிள்ஸ்பூன் வெண்ணெயில் 2 டேபிள்ஸ்பூன் மைதாவைச் சின்னத் தீயில் பச்சை வாசனை போகும் வரை வதக்குங்கள், சிவக்கக் கூடாது. 300 மில்லி பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கிண்டுங்கள். கரண்டியின் பின்பக்கம் ஒட்டிப் பிடிக்கும் பதம் வந்ததும் அடுப்பை அணைத்துவிடுங்கள். அணைத்த பிறகுதான் துருவிய சீஸ், மூன்று தடவையாக. கடைசியில், நீர் வடித்த கட்டித்தயிர் 150 கிராம், ஒரு டீஸ்பூன் சோளமாவு (கார்ன்ஃப்ளோர்) கலந்து. சோளமாவு இருந்தால் தயிர் ஓவனில் திரியாது. அப்புறம் வேகவைத்த காய் அல்லது கறி 150 கிராம். எட்டு அங்குல வட்டத் தட்டில் ஓர் அங்குல உயரத்துக்கு வரும். முன்கூட்டியே சூடேற்றிய ஓவனில் 180 டிகிரியில் 20 நிமிடம். ஓரத்தில் கொப்பளித்ததும் எடுத்துவிட வேண்டும். மேலே சிவப்பு வேண்டுமென்றால் கடைசி 2 நிமிடம் மேல் கம்பியை மட்டும் போட்டு, பக்கத்திலேயே நின்று பாருங்கள்.

இன்னொன்று, அரை டீஸ்பூன் எலுமிச்சைச் சாறு. ஸ்விட்சர்லாந்தில் ஃபான்டு என்று சீஸை உருக்கித் தொட்டுக்கொள்ளச் செய்யும்போது வெள்ளை ஒயின் ஊற்றுவார்கள். சீஸ் கட்டிபிடிக்காமல் வழவழப்பாக இருக்க அதன் புளிப்பு உதவுகிறது. நம் வீட்டில் அந்த வேலையை எலுமிச்சை செய்துவிடும்.

ஏற்கெனவே பிரிந்துவிட்டதா? கொட்ட வேண்டாம். இரண்டு டேபிள்ஸ்பூன் பாலில் ஒரு டீஸ்பூன் சோளமாவைக் கரைத்து ஊற்றி, மிகச் சின்னத் தீயில் கிண்டுங்கள். பழைய வழவழப்பு முழுதாக வராது, ஆனாலும் விருந்தாளி முன்னால் வைக்கலாம்.

ஆச்சி, எங்கள் வீட்டில் ஓவன் இல்லை. குக்கரில் மணல் போட்டுச் செய்யலாமா? (தேவகோட்டை)

செய்கிறார்கள்தான். ஆனால் தினம் பருப்பு வேகவைக்கும் குக்கரைத் தண்ணீரில்லாமல் காயவிட்டால் அது கெட்டுப்போகும் என்பதால் நான் சொல்லித்தருவதில்லை. பழைய இருப்புச்சட்டி ஒன்று வீட்டில் இருக்கும், அதை எடுங்கள். அரை அங்குலத்துக்குக் கல்லுப்பைப் பரப்பி, நடுவில் ஒரு பிரிமனை வடிவத்து இரும்பு வளையம் வைத்து, சரியாகப் பொருந்தும் கனமான மூடியால் மூடி, நடுத்தீயில் 10 நிமிடம் காயவிடுங்கள். பிறகு டிப் தட்டை வளையத்தின்மேல் இறக்கி, சின்னத் தீயில் 20 முதல் 25 நிமிடம்.

இதில் மேல்பாகம் சிவக்காது. அதற்கு நான் செய்வது: இரண்டு தேன்குழலைக் கையால் நொறுக்கி, இறக்கிய பிறகு மேலே தூவிவிடுவேன். ரொட்டித்தூளை நெய்யில் வறுத்துப் போடுவதைவிட இது எனக்குப் பிடித்திருக்கிறது. நொறுநொறுப்போடு சீரக வாசமும் சேர்கிறது.

ஓவன் இருப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. மின்சாரம் போனால் வீட்டு இன்வெர்ட்டரில் ஓவனைப் போடாதீர்கள், அது இழுக்கும் மின்சாரத்தை இன்வெர்ட்டர் தாங்காது. விருந்து நாளில் இந்த இருப்புச்சட்டி முறையையும் தெரிந்து வைத்திருப்பது நல்லது.

அப்பச்சி மணிவிழாவுக்கு முதல் நாள் சாயங்காலம் 40 பேர் வருகிறார்கள். எவ்வளவு செய்ய வேண்டும்? ஒரே பெரிய தட்டில் செய்துவிடலாமா? (கானாடுகாத்தான்)

மற்ற பலகாரங்களும் இருக்கும்போது ஆளுக்கு 50 கிராம் போதும். மேலே சொன்ன அளவு 15 பேருக்கு வரும். உங்களுக்கு மூன்று மடங்கு.

ஆனால் தயவுசெய்து ஒரே தட்டில் செய்யாதீர்கள். எங்கள் வீட்டு விசேஷம் ஒன்றில் நான் அப்படிச் செய்தேன். கல்யாணத்துக்குப் பால்கோவா வைக்கும் பெரிய தட்டு, மூன்று அங்குல உயரம். ஓரம் எண்ணெய் கக்கி முறுகியது, நடுவில் கரண்டி விட்டால் குளிர்ந்த களி. இன்னும் கொஞ்ச நேரம் என்று வைத்ததில் ஓரம் கருகியது. அன்று சாப்பிட வந்தவர்கள் முகம் எனக்கு இன்னும் நினைவிருக்கிறது.

சூடான சீஸ் டிப்புக்கு ஆயுள் 20 நிமிடம். அதற்குமேல் மேலே ஏடு கட்டி இறுகிவிடும். அதனால் மூன்று சின்னத் தட்டுகளாகப் பிரித்துக்கொள்ளுங்கள். முதல் தட்டு பட்டாலைக்கு (கூடத்துக்கு) போகும்போது இரண்டாவது ஓவனுக்குள் போகட்டும். கடைசியாக வருகிறவர்களுக்கும் கொப்பளிக்கிற டிப் கிடைக்கும். பந்தியில் இலைக்கு இலை சூடாக வைப்பது நமக்குப் பழக்கம்தானே, இங்கேயும் அதே முறைதான்.

முதல் நாள் இரவே கலந்து தட்டில் ஊற்றி ஃபிரிட்ஜில் வைக்கலாம். சுடுவதற்கு அரை மணி முன்னால் வெளியே எடுத்து, 10 நிமிடம் கூடுதலாக வையுங்கள். கண்ணாடித் தட்டைக் குளிர்ச்சியோடு சூடான ஓவனில் வைத்தால் வெடித்துவிடும், கவனம்.

கிரீம் சீஸ் எங்கள் ஊர்க் கடையில் கிடைக்கவில்லை. பனீர் போடலாமா? (பள்ளத்தூர்)

துண்டாகப் போட்டால் துண்டாகவே இருக்கும். எலுமிச்சையோ வினிகரோ ஊற்றித் திரித்த பனீர் எவ்வளவு சூட்டிலும் உருகாது. 100 கிராம் பனீரை 100 கிராம் வடித்த தயிரோடு மிக்ஸியில் வெண்ணெய்போல அரையுங்கள், சிட்டிகை உப்பு. நீங்கள் கேட்கும் கிரீம் சீஸுக்கு இது நல்ல மாற்று. புளித்த தயிர் வேண்டாம்.

சீஸ் சைவம்தானா என்று ஆயா (பாட்டி) கேட்கிறார்கள். (காரைக்குடி)

கேட்டது சரியான கேள்வி. பாலைத் திரிக்கும் ரென்னெட் சில சீஸ்களில் கன்றின் வயிற்றிலிருந்து எடுக்கப்படுகிறது. இத்தாலியிலிருந்து வரும் அசல் பார்மெசான் அப்படிப்பட்டது. நம் நாட்டில் பச்சைப் புள்ளி போட்டு விற்கும் சீஸில் அது இருக்காது, நுண்ணுயிரிலிருந்து எடுத்த ரென்னெட்டைத்தான் பயன்படுத்துகிறார்கள். அட்டையை ஆயாவிடமே காட்டிவிடுங்கள்.

வீட்டில் பழைய பீங்கான் சட்டிகளும் ஈயப் பாத்திரங்களும் இருக்கின்றன. அதில் சுட்டால் அழகாக இருக்குமே? (காரைக்குடி)

அழகாகத்தான் இருக்கும், சந்தேகமில்லை. அந்தக் காலத்தில் ஐரோப்பாவிலிருந்து கப்பலில் வந்த பூப்போட்ட பீங்கான் சட்டிகள் எந்த மேசைக்கும் எடுப்பு. ஆனால் பழைய வண்ணப்பூச்சில் காரீயமும் காட்மியமும் இருக்கலாம். சில்லு பெயர்ந்த சட்டியில் புளிப்புள்ள தயிர்க் கலவையைச் சூடாக்குவதை நான் ஒப்பவே மாட்டேன். டிப்பை வேறு தட்டில் சுட்டு, அந்தத் தட்டை அப்படியே பீங்கான் சட்டிக்குள் இறக்கி வையுங்கள். இடைவெளியில் கொதிநீர் ஊற்றினால் டிப் சூடு ஆறாமலும் இருக்கும்.

ஈயம் வேண்டவே வேண்டாம். அது 232 டிகிரியில் உருகும். ஓவனை 180-க்கு வைத்தாலும் கம்பிக்குப் பக்கத்தில் சூடு அதற்கு மேலே போகும். ரசம் இல்லாமல் ஈயச்சொம்பை அடுப்பில் வைத்தால் என்ன ஆகும் என்று நம் வீட்டுப் பெரியவர்களுக்குத் தெரியும்.

சூடு நிற்பதற்கு என் தேர்வு கல்சட்டி. இல்லையென்றால் பழகிய மண்சட்டி. இரண்டையும் ஓவன் ஆறியிருக்கும்போதே உள்ளே வைத்து, அதோடு சேர்த்துச் சூடேற்றுங்கள்.

செட்டிநாட்டு மசாலா போட்டேன். சீஸும் தெரியவில்லை, மசாலாவும் தெரியவில்லை. (புதுவயல்)

கல்பாசி, மராட்டி மொக்கு, அன்னாசிப்பூ எல்லாம் எண்ணெயிலும் தேங்காயிலும் கொதித்துத்தான் மணம் விடும். பாலோடு சேர்த்தால் கசப்பும் நறநறப்பும்தான் மிஞ்சும். சீஸுக்கு நான் எடுப்பது உப்புக்கறிப் பக்குவம். சின்ன வெங்காயம், பூண்டு, கிள்ளிய வரமிளகாய், உப்பு, அவ்வளவுதான். வெண்ணெயில் 15 சின்ன வெங்காயம், 8 பல் பூண்டு, 4 மிளகாயைச் சுருள வதக்கி, அதே வெண்ணெயில் மைதாவைப் போட்டுத் தொடங்குங்கள். காரம் கொழுப்பில் இறங்கி டிப் முழுக்கப் பரவும். மேலே இடித்த மிளகு. ஆட்டுக்கறியோ கோழியோ சேர்ப்பதானால் முழுதாக வேகவைத்து, சுண்டவைத்து, உதிர்த்துப் போடுங்கள். ஓவனில் வேகட்டும் என்று பச்சைக்கறியைச் சேர்க்கக் கூடாது.

உப்பு கடைசியில். சீஸிலேயே நிறைய இருக்கிறது.

கீரை போட்டால் தண்ணீர் விடுகிறது. அப்புறம், தொட்டுக்கொள்ள எது நன்றாக இருக்கும்? (ஆத்தங்குடி)

கீரையைக் கொதிநீரில் ஒரு நிமிடம் போட்டு எடுத்து, துணியில் முறுக்கிப் பிழியுங்கள். பிழிந்த பிறகு இன்னொரு தடவை பிழியுங்கள். அமெரிக்காவில் கீரையோடு ஆர்ட்டிசோக் என்ற பூமொட்டைச் சேர்ப்பார்கள். அதற்கு ஈடாக நம் வாழைப்பூ அருமையாகப் பொருந்துகிறது. நரம்பு எடுத்து, மோரில் ஊறவைத்து, வேகவைத்து, ஒட்டப் பிழிந்து சேர்த்துப் பாருங்கள். இந்தக் கூட்டு எனக்கு மிகவும் பிடித்தது.

தொட்டுக்கொள்ள முதலிடம் வெள்ளைப் பணியாரத்துக்கு. ஓரம் மொறுமொறு, நடு மெத்து, டிப்பை அள்ளிக்கொண்டு வரும். இரண்டாவது சீப்புச் சீடை, அந்தக் குழலுக்குள் சீஸ் ஏறிவிடும். சாதாரண உருண்டைச் சீடை உள்ளே விழுந்து காணாமல் போய்விடும். மணகோலம் இனிப்பு, ஒத்துவராது.

மிச்சம் இருந்தால்? (திருப்பத்தூர்)

நம் ஊர் வெயிலில் ஒரு மணி நேரத்துக்கு மேல் வெளியில் வைக்காதீர்கள். அதற்குள் மூடி ஃபிரிட்ஜில் வைத்தால் 3 நாள் தாங்கும். பலர் கைவிட்டுத் தொட்ட தட்டில் இருப்பதை எடுத்துவைக்க வேண்டாம், ஓவனுக்குப் போகாத தட்டில் இருப்பதை மட்டும். மறுபடி சூடாக்கும்போது ஒரு கரண்டி பால் விட்டு, சின்னத் தீயில் கிண்டிக்கொண்டே ஆவி பறக்கும் வரை. மறுநாள் காலையில் ரொட்டித் துண்டில் தடவி, தோசைக்கல்லில் மூடிவைத்துச் சுட்டுக் கொடுத்தால் பிள்ளைகள் இட்லியைத் திரும்பிப் பார்க்க மாட்டார்கள்.