ஹர்ஸ்ட்வுட்டின் கையிருப்பு

அன்புள்ள ஐயா,

சென்ற நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்த அமெரிக்க நகர நாவல்களைப் பற்றி நீங்கள் ஓர் உரையில் சொன்னதைக் கேட்டு, டிரைசரின் ‘சிஸ்டர் கேரி’, எடித் வார்ட்டனின் ‘தி ஹவுஸ் ஆஃப் மிர்த்’ இரண்டையும் படித்தேன். உண்மையைச் சொன்னால் சலிப்பாக இருந்தது. பக்கத்துக்குப் பக்கம் டாலர் கணக்கு. சம்பளம் எவ்வளவு, வாடகை எவ்வளவு, கையில் மிச்சம் எவ்வளவு. இவர்களுக்கு ஒரு தலைமுறை முன்பே ரஷ்யர்கள் கடவுளையும் ஆன்மாவையும் பற்றி எழுதிவிட்டார்கள். இவர்களுக்கு அகம் என்று ஒன்று கிடையாதா? இன்னொன்று. கேரி இரண்டு ஆண்களோடு வாழ்ந்து, கடைசியில் புகழ்பெற்ற நடிகையாகிவிடுகிறாள். ஆசிரியர் என்னதான் சொல்ல வருகிறார்?

ச., கோவில்பட்டி

அன்புள்ள ச.,

டாலர் கணக்கு இருக்கிறது, நிறையவே இருக்கிறது. நீங்கள் அந்த வரிகளைத் தாண்டிக்கொண்டே போயிருக்கிறீர்கள் என்று நினைக்கிறேன். நீங்கள் தேடும் அகம் அந்த வரிகளில்தான் இருக்கிறது.

கேரியையே பாருங்கள். 1889 ஆகஸ்டில், 18 வயதில், விஸ்கான்சினிலிருந்து சிகாகோவுக்கு ரயில் ஏறுகிறாள். கையில் 4 டாலர். ஷூ தொழிற்சாலையில் வாரக்கூலி நாலரை டாலர். அக்கா வீட்டில் தங்கவும் சாப்பிடவும் 4 டாலர் கொடுத்துவிட வேண்டும். மிச்சம் அரை டாலர். மழை பெய்கிறதே என்று ஒரு குடை வாங்கினால் அதற்கும் அக்காவிடம் பேச்சு. குளிர்காலம் தொடங்கும்போது உடம்புக்கு முடியாமல் படுத்து அந்த வேலையும் போகிறது. அப்போதுதான், ரயிலில் பழக்கமான டுரூவே என்ற விற்பனைப் பிரதிநிதி அவள் கையில் இரண்டு பத்து டாலர் நோட்டுகளைத் திணிக்கிறான். நான்கு வாரக் கூலிக்கும் மேல். அவள் கடைக்குப் போகிறாள், கோட்டுகளைத் தொட்டுப் பார்க்கிறாள், வாங்காமல் திரும்புகிறாள். வாங்கினால் அக்காவிடம் என்ன சொல்வது? பணத்தைத் திருப்பிக் கொடுத்துவிடலாம் என்றுகூட முடிவு செய்கிறாள். அவள் மனது படுகிற பாடு இதற்கு மேல் என்ன வேண்டும்? இந்த இடத்தில் டிரைசர் தத்துவம் வேறு பேசுகிறார். அது அவருடைய வியாதி, அந்தப் பத்திகளை நீங்கள் தாராளமாகத் தாண்டலாம். குடையைத் தாண்டாதீர்கள்.

நாவலின் உச்சம் என்று நான் நினைப்பது ஹர்ஸ்ட்வுட். சிகாகோவில் ஆடம்பரமான ஒரு மதுக்கடையின் மேலாளர், நாலு பேர் மதிக்கிற மனிதர். ஓர் இரவு கடைப் பெட்டகம் பூட்டாமல் கிடக்கிறது. உள்ளே பத்தாயிரம் டாலருக்கு மேல். எடுக்கிறார், திரும்ப வைக்கிறார், மறுபடி எடுக்கிறார். பணம் கையில் இருக்கும்போதே பூட்டு விழுந்துவிடுகிறது. திருடினாரா இல்லையா என்று அவருக்கே தெரியாது. டுரூவே மூலம் பழக்கமான கேரியைக் கூட்டிக்கொண்டு ஓடுகிறார். பெரும்பகுதியைத் திருப்பி அனுப்பிவிட்டு, 1,300 டாலரோடு நியூயார்க்கில் வாழ்க்கையைத் தொடங்குகிறார். அதில் ஆயிரத்தை ஒரு மதுக்கடையில் பங்காகப் போடுகிறார். அந்தக் கடையும் மூடப்படுகிறபோது கையில் இருப்பது 700.

அங்கிருந்து டிரைசர் கொஞ்சமும் அவசரப்படுவதில்லை. ஒரு நூறு குறைகிறது, இன்னொரு நூறு குறைகிறது. வேலை தேடிப் போனவர் ஓட்டல் முன்கூடங்களில் உட்கார்ந்துவிட்டு வருகிறார். அப்புறம் அதுவும் இல்லை, வீட்டில் சூடேற்றிக்குப் பக்கத்தில் நாற்காலியைப் போட்டுக்கொண்டு பேப்பர் படிக்கிறார். தினம் சவரம் செய்வது நிற்கிறது. மளிகைக் கடைக்காரரிடம் பாக்கி ஏறுகிறது. கேரியோ குழு நடனத்தில் வாரம் 12 டாலருக்குச் சேர்ந்து, 18 ஆகி, 35 ஆகி, 150க்குப் போய்விடுகிறாள். கடைசியில் ஹர்ஸ்ட்வுட் கையில் இருப்பது ஒரு மலிவு விடுதி அறைக்கான 15 சென்ட். கதவை அடைத்துவிட்டு காஸைத் திறந்துவிடுகிறார். மனிதன் உடைவதை இத்தனை பொறுமையாக எழுதிய பக்கங்கள் உலக இலக்கியத்திலேயே குறைவு என்பது என் கட்சி.

ரஷ்யர்களும் எண்ணாதவர்கள் அல்ல. அடகுக்கடைக் கிழவி வட்டியைப் பிடித்துக்கொண்டு 1 ரூபிள் 15 கோபெக்கை எண்ணி வைக்கிற இடம் தஸ்தயேவ்ஸ்கியின் ‘குற்றமும் தண்டனையும்’ முதல் அத்தியாயத்திலேயே வருகிறது. நம்மூர் ரயிலில் எதிரே உட்காருகிறவர் இரண்டாவது கேள்வியாகச் சம்பளத்தைக் கேட்டுவிடுவார். கதை எழுத உட்கார்ந்தால் மட்டும் நமக்கு அது அநாகரிகமாகப் படுகிறது.

வார்ட்டன் வேறு மாதிரி. 1905இல் வந்த அவரது நாவலின் மனிதர்கள் பணத்தைப் பற்றிப் பேசுவதே கேவலம் என்று நினைக்கிற நியூயார்க் மேல்தட்டு. லில்லி பார்ட்டுக்கு 29 வயது, சொத்து இல்லை. ட்ரெனர் என்ற பணக்காரர் கொடுத்த 9,000 டாலரை, தன் சிறு முதலீட்டில் வந்த லாபம் என்று நம்புகிறாள். அவர் அதற்கு எதிர்பார்ப்பது என்ன என்று தெரியும்போது நிலைகுலைகிறாள். அத்தை உயிலில் விட்டுப்போனது 10,000. கடைசி நாட்களில் தொப்பி தைக்கும் பட்டறையில் வேலைக்குப் போய், தையல் கோணலாகிறது என்று திட்டு வாங்குகிறாள். அந்த 10,000க்கான காசோலை வந்த இரவு, வேறு எதையும் செய்யுமுன் ட்ரெனருக்குச் சேர வேண்டியதை எழுதி வைக்கிறாள். பிறகு தூக்க மருந்தைக் கூடுதலாக எடுத்துக்கொள்கிறாள். அவள் யார் என்பதை அந்தக் காசோலையைவிடத் தெளிவாக எந்தத் தனிமொழியும் சொல்லியிருக்காது.

கேரிக்கு ஏன் தண்டனை இல்லை என்று 1900இல் அவளுடைய பதிப்பாளரே கேட்டார். நாவலாசிரியர் ஃபிராங்க் நாரிஸ் சிபாரிசு செய்து டபுள்டே நிறுவனம் ஏற்றுக்கொண்ட புத்தகம். ஐரோப்பாவிலிருந்து திரும்பிய முதலாளிக்குப் பிடிக்கவில்லை. ஒப்பந்தம் கையைக் கட்டியதால் ஆயிரம் பிரதி போல அச்சிட்டுவிட்டு, விளம்பரம் இல்லாமல் கிடப்பில் போட்டார்கள். விற்றது ஐந்நூறுக்கும் குறைவு. டிரைசர் மனம் நொந்து போனார், அடுத்த நாவல் 1911இல்தான் வந்தது. அவருடைய சொந்த அக்காள் ஒருத்தியே, முதலாளியின் பணத்தை எடுத்துக்கொண்டு வந்த ஒருவரோடு நியூயார்க் ஓடியவர். கேரிக்கு நரகம் எழுத அவருக்குக் கை வரவில்லை என்றே நான் எடுத்துக்கொள்கிறேன். நீதி எதையும் அவர் சொல்ல வரவில்லை, சொன்ன இடங்களில் சரியாகவும் சொல்லவில்லை.

அடுத்து அப்டன் சின்க்ளேரின் ‘தி ஜங்கிள்’ (1906) எடுங்கள். இறைச்சிக்கூடங்களின் அருவருப்புக்காகத்தான் எல்லோரும் அதைப் பேசுகிறார்கள். எனக்குப் பெரிதாகப் படுவது லிதுவேனியாவிலிருந்து வந்த குடும்பம் வீடு வாங்கும் பகுதி. விலை 1,500 டாலர், முன்பணம் 300, மாதத் தவணை 12. பத்திரத்தில் வட்டி என்று ஒன்று இருப்பது பக்கத்து வீட்டுக் கிழவி சொல்லித்தான் தெரியவருகிறது. கடைசி அத்தியாயங்கள் மேடைப்பேச்சு, மூடி வைத்துவிடலாம்.

‘சிஸ்டர் கேரி’யை மறுபடி படிப்பதாக இருந்தால் 1981இல் வந்த பென்சில்வேனியா பல்கலைக்கழகப் பதிப்பைத் தேடுங்கள். முதல் பதிப்புக்காக வெட்டியவற்றை அதில் திரும்பச் சேர்த்திருக்கிறார்கள். பழைய பதிப்பு கேரி ஆடும் நாற்காலியில் உட்கார்ந்திருப்பதோடு முடிகிறது. இதில் ஹர்ஸ்ட்வுட்டின் சாவோடு முடிகிறது. எனக்கு இந்த முடிவுதான் பிடித்திருக்கிறது. நீங்கள் படித்தது எந்தப் பதிப்பு என்று எழுதுங்கள்.