தமாகி கதோரி – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஜப்பானிய இயக்குநர் கோஜி வகமட்சு பற்றிய உங்கள் கட்டுரையில் தமாகி கதோரி என்ற நடிகையின் பெயர் ஒரே வரியில் வந்து போனது. பத்து வருடத்தில் 600 படங்களுக்கு மேல் நடித்தவர் என்று எழுதியிருந்தீர்கள். ஜப்பானின் 'பிங்க்' படங்கள் படுக்கைக் காட்சிக்காகவே எடுக்கப்பட்டவைதானே? அவற்றில் நடித்தவரை நடிகை என்று கணக்கில் எடுத்துக்கொள்ள முடியுமா? கேலியாகக் கேட்கவில்லை, தெரிந்துகொள்ளத்தான்.

கே.

அன்புள்ள கே.,

ஒரே வரியில் கடந்தது என் தவறு. கதோரி நடிகைதான். எனக்கு அதில் சந்தேகமே இல்லை.

நிக்காட்சு ஸ்டுடியோவில் புதுமுகமாகச் சேர்ந்து, துண்டு வேடங்களிலேயே காலம் போக, வெளியே வந்தவர் அவர். 1962இல் சதோரு கோபயாஷி இயக்கிய 'சதைச் சந்தை'யில் நாயகியானார். முதல் பிங்க் படம் என்று சொல்லப்படுவது அதுதான். சகோதரியின் சாவுக்குக் காரணம் தேடி டோக்கியோவின் ரொப்போங்கி பகுதி இரவு உலகத்துக்குள் நுழையும் பெண்ணின் கதை. போலீஸ் தலையிட்டது, காட்சிகளை வெட்டினார்கள், படம் அப்புறமும் நன்றாக ஓடியது.

சரி, 600 படம் என்றால் வாரம் ஒன்றுக்கு மேல். பெரிய ஸ்டுடியோக்களுக்கு வெளியே, சின்னக் கம்பெனிகள் கையிலிருந்த காசில் எடுத்தவை. சில நாட்களில் படப்பிடிப்பு முடிந்துவிடும். குரலெல்லாம் பிறகு டப்பிங்கில்தான். கலர் ஃபிலிம் விலை அதிகம். அதனால் அந்தக் காலத்துப் பிங்க் படங்கள் பலவும் கறுப்பு வெள்ளையில் ஓடும். படுக்கைக் காட்சி வந்ததும் திரை சட்டென்று கலராகும், முடிந்ததும் பழையபடி கறுப்பு வெள்ளை. நீங்கள் கேட்பது அந்தக் கலர் நிமிடங்களைப் பற்றி. மிச்சப் படம் முழுக்கக் கதையைத் தாங்கி நின்றது அவர் முகம். அவசரத்தில் எழுதிய வசனத்துக்கும், அரைகுறை வெளிச்சத்துக்கும் உயிர் கொடுக்க வேண்டியவர் அவர்தான்.

வகமட்சுவின் முதல் படம் 1963இல் வந்தது. அதிலும் கதோரிதான் நாயகி. வகமட்சுவை உலகத் திரைப்பட விழாக்கள் கொண்டாடின. அவருடைய முதல் நாயகியை நானே ஒரு வரியில் முடித்துவிட்டேன்.

1971 நவம்பரில், கதோரிக்குத் துண்டு வேடம் தந்த அதே நிக்காட்சு, நட்டத்திலிருந்து மீள இந்த வகைப் படங்களில் இறங்கியது. அடுத்த வருடம் கதோரி நடிப்பை விட்டார். 2015இல் காலமானார்.

தேடிப் பார்க்கலாம் என்றால் படங்கள் பெரும்பாலும் இல்லை. ஊர் ஊராக ஓடித் தேய்ந்த பிரதிகளை யாரும் எடுத்து வைக்கவில்லை. 'சதைச் சந்தை'கூட முழுதாகக் கிடையாது, ஒரு சிறு பகுதிதான் மிஞ்சியிருக்கிறது.